சிவனொளிபாதமலைக்கு முதல் முறை போகிறீர்களா? ஏறுவதற்கு மட்டும் தயாராகாதீர்கள்

நல்லதண்ணியில் இருந்து உச்சிக்கு ஏற எனக்கு நாலரை மணித்தியாலம் எடுத்தது. அதே பாதையால் இறங்க ஏழு மணித்தியாலம். பாதி வழியிலேயே இரண்டு முழங்காலும் மடங்க மறுத்துவிட்டன, கம்பி இருந்த இடத்தில் கம்பியையும் இல்லாத இடத்தில் தம்பியின் தோளையும் பிடித்துக்கொண்டு, கடைசிப் பகுதியை முதுகு காட்டித் திரும்பி ஒவ்வொரு படியாக இறங்கினேன். கொழும்புக்கு வந்த பிறகு ஐந்து நாள் லீவு. நான் மஸ்கெலியா பக்கத்துத் தோட்டத்தில் பிறந்தவள், லயத்து வாசலில் நின்றால் மலை தெரியும், அதனால் ஏறிவிடலாம் என்று நினைத்துவிட்டேன். பதினெட்டு வயதில் கொழும்புக்கு வந்து பன்னிரண்டு வருஷம் கதிரையில் உட்கார்ந்து வேலை செய்த உடம்பு இது என்பது மனதில் படவே இல்லை.

அடுத்த பருவத்துக்கு எட்டுக் கிழமை பயிற்சி எடுத்துக்கொண்டு மறுபடி போனேன். இந்த முறை ஏற நாலே முக்கால், இறங்க மூன்றரை. முதல் முறையைவிட மெதுவாக ஏறினேன், பாதி நேரத்தில் இறங்கினேன். அந்த இரண்டு பயணத்துக்கும் இடையில் நான் தெரிந்துகொண்டதை எல்லாம் கீழே எழுதியிருக்கிறேன். என்னைப் போல மேசை வேலை செய்கிறவர்கள், முதல் முறையாகப் போகிறவர்கள், வீட்டில் வயதானவர்களைக் கூட்டிக்கொண்டு போகிறவர்கள் தயவுசெய்து முழுதாக வாசியுங்கள்.

1. முதலில் மலையின் கணக்கு

உச்சி 2243 மீற்றர். நல்லதண்ணி ஏறக்குறைய 1200 மீற்றரில் இருக்கிறது. ஆக ஒரே இரவில் நீங்கள் செங்குத்தாக ஏறப்போவது சுமார் 1000 மீற்றர். ஒரு மாடி மூன்று மீற்றர் என்று வைத்தால் முன்னூற்றுக்கும் மேற்பட்ட மாடி. அவ்வளவையும் அதே நாளில் இறங்கவும் வேண்டும். ஒரு வழித் தூரம் ஏழு கிலோமீற்றர் அளவு, படி ஐயாயிரத்து ஐந்நூறு அளவில் இருக்கும் என்பார்கள். படிகள் ஒரே உயரம் இல்லை, சிலது கணுக்கால் உயரம், சிலது முழங்காலைத் தொடும்.

மூச்சு வாங்கினால் "உயரத்தில் காற்றுக் குறைவு" என்று பயப்படுகிறவர்கள் இருக்கிறார்கள். உயர மலைநோய் வழக்கமாக 2500 மீற்றருக்கு மேலேதான் வருவது. இங்கே மூச்சு வாங்குவதற்கு முக்கியக் காரணம் வேகம்தான். அதனால் வேகத்தைக் குறைத்தால் பெரும்பாலும் சரியாகிவிடும்.

இரத்தினபுரி பக்கமிருந்து, பலாபத்தலையாலும் குருவிட்ட எரத்னையாலும் ஏறும் பாதைகளும் உண்டு. அவை நீளம் கூடியவை, ஏற்றமும் கூட. முதல் முறைக்கு வேண்டாம். ஹட்டன், நல்லதண்ணிப் பாதையே போதும், கடையும் வெளிச்சமும் ஆள் நடமாட்டமும் அங்கேதான் அதிகம்.

2. எப்போது போவது

டிசம்பர் மாத உந்துவப் போயாவில் (பௌர்ணமி நாளில்) பருவம் தொடங்கும், மே மாத வெசாக் போயாவோடு முடியும். இதற்கு வெளியே போனால் பாதை விளக்கு இருக்காது, கடைகள் பெரும்பாலும் மூடியிருக்கும், மழை, அட்டை, பாசி பிடித்த படி. முதல் முறை போகிறவர்கள் பருவத்துக்கு வெளியே போகவே வேண்டாம், வழிகாட்டி வருகிறார் என்றாலும்.

பருவத்துக்குள்ளும் எல்லா நாளும் ஒன்றில்லை. டிசம்பர், ஜனவரியில் வடகீழ்ப் பருவமழை இருக்கும். ஏப்ரலில் பிற்பகல் இடி மின்னல் மழை வழக்கம், அப்போது நண்பகலுக்கு முன்பே கீழே வந்துவிட வேண்டும். என் கணக்கில் பெப்ரவரியும் மார்ச்சும்தான் நல்லது. போயா நாள், சனி ஞாயிறு, நீண்ட விடுமுறை மூன்றையும் தவிருங்கள். கூட்டம் பக்திக்கு நல்லதுதான், உடம்புக்கு நல்லதில்லை: மேல்ப் பகுதியில் வியர்த்த உடம்போடு ஒரு படிக்கு ஐந்து நிமிஷம் என்று குளிரில் நிற்க வேண்டி வரும், கால் விறைத்துவிடும், அதற்கப்புறம் இறங்குவது நரகம். செவ்வாய், புதன் இரவு போய்ப் பாருங்கள், பாதையே வேறு மாதிரி இருக்கும்.

மழை கடுமையான நாட்களில் மண்சரிவு எச்சரிக்கையைப் பார்க்காமல் கிளம்பாதீர்கள். தேசிய கட்டிட ஆராய்ச்சி நிறுவனம் மாவட்ட வாரியாக, பிரதேச செயலகப் பிரிவு வாரியாக வெளியிடும். மலையக ரயில் பாதையும் மழையில் அடிக்கடி தடைப்படுவது, ஆகவே கோச்சி ஹட்டன் வரை ஓடுகிறதா என்று முதல் நாளே கேட்டுக்கொள்ளுங்கள்.

3. வைத்தியரிடம் போக வேண்டியவர்கள்

பிரஷர், சீனி வருத்தம், ஆஸ்துமா, நெஞ்சு வருத்தம், முழங்காலில் பழைய அடி, இதில் ஒன்று இருந்தாலும், அல்லது நாற்பது தாண்டி நீண்ட காலம் உடற்பயிற்சியே இல்லாமல் இருந்தாலும், பயிற்சி தொடங்குவதற்கு முன் ஒரு தடவை வைத்தியரைப் பாருங்கள். மலைக்கு முதல் நாள் இல்லை, பயிற்சிக்கு முன். அரசாங்க வைத்தியசாலை கிளினிக்கில் காசு இல்லை, காலையில் போய்க் காத்திருக்கும் நேரம்தான் செலவு. "ஐயாயிரம் படி ஏறப்போகிறேன், ராத்திரியில், சாப்பாட்டு நேரமும் மாறும்" என்று இந்த வார்த்தையிலேயே சொல்லுங்கள். "பயணம் போகிறேன்" என்று சொன்னால் அவர் கண்டி போகிறீர்கள் என்று நினைப்பார்.

சீனி வருத்தத்துக்கு இன்சுலினோ மாத்திரையோ எடுப்பவர்கள் அன்றைய அளவை மாற்ற வேண்டுமா என்று கட்டாயம் கேட்க வேண்டும், ஏனென்றால் நாலைந்து மணித்தியாலம் ஏறும்போது இரத்தத்தில் சீனி சடாரென்று இறங்கலாம். ஆஸ்துமாக்காரர் பம்பைப் பையில் அடியில் போடாமல் சட்டைப் பையில் வையுங்கள். குளிர்ந்த காற்று சிலருக்கு இழுப்பைக் கிளப்பிவிடும்.

4. எட்டுக் கிழமைப் பயிற்சி

இதுதான் முக்கியமான பகுதி. மற்ற எதைத் தவறவிட்டாலும் காசு கொடுத்துச் சமாளிக்கலாம், இதைச் சமாளிக்க முடியாது.

ஏறும்போது வேலை செய்வது இதயமும் மூச்சும். இறங்கும்போது வேலை செய்வது தொடையின் முன்பக்கத் தசை. ஒவ்வொரு படிக்கும் உங்கள் முழு எடையையும் அந்தத் தசை நீண்டுகொண்டே பிரேக் பிடிக்கிறது. தசைக்கு அதிக சேதம் வருவது இப்படி நீண்டுகொண்டே சுமை தாங்கும்போதுதான். தட்டையான வீதியில் எவ்வளவு நடந்தாலும் அந்தத் தசைக்கு இந்த வேலை பழகாது. நான் முதல் முறை போவதற்கு முன் மாலையில் வெள்ளவத்தைக் கடற்கரையோரம் நடந்தேன், அதையே பயிற்சி என்று நினைத்தேன். ஏற அது கொஞ்சம் உதவியது, இறங்க எதற்கும் உதவவில்லை.

இன்னொரு நல்ல விஷயம், இப்படிப் பிரேக் பிடிக்கும் வேலையை ஒரு தடவை பழக்கிவிட்டால் அந்தத் தசை சில கிழமைகளுக்கு அதை மறக்காது, அடுத்த தடவை சேதம் குறைவாகவே வரும். அதனால் மலைக்குப் போக ஏழு பத்து நாளுக்கு முன் ஒரு நீண்ட இறக்கம் இறங்கியிருப்பது பெரிய காப்பு.

நான் செய்தது இது. முதல் இரண்டு கிழமை, வாரத்தில் நாலு நாள் நாற்பது நிமிஷம் வேகமாக நடந்தேன், அதில் இரண்டு நாள் அலுவலகக் கட்டடத்தில் பத்து மாடி ஏறி இறங்கினேன். லிப்டில் இறங்காமல் படியிலேயே இறங்குவதுதான் முக்கியம், எல்லோரும் ஏறிவிட்டு லிப்டில் வருவார்கள், அதனால் பாதிப் பயன் போய்விடும். மூன்றாம் கிழமையில் இருந்து மாடிக் கணக்கைக் கிழமைக்குப் பத்துப் பத்தாகக் கூட்டினேன், ஆறாம் கிழமையில் ஒரே தடவையில் ஐம்பது மாடி வந்தது. அதோடு வீட்டில் ஒரு படியில் நின்று, ஒரு காலை மடக்கி மறு குதிகாலை நாலு எண்ணும் வரை மெதுவாகக் கீழே இறக்கித் தரையைத் தொட்டுவிட்டு எழும்புவது: ஒரு காலுக்குப் பத்து, மூன்று தடவை, ஒன்றுவிட்ட ஒரு நாள். முதல் நாள் ஒன்றும் தெரியாது, மறுநாள் தொடை வலிக்கும், அது சரியான இடத்தில் வேலை நடக்கிறது என்பதற்கு அடையாளம். வலி முழங்கால் மூட்டுக்குள்ளே என்றால் நிறுத்திவிட்டு வைத்தியரைப் பாருங்கள்.

ஐந்தாம் கிழமையிலும் ஏழாம் கிழமையிலும் உண்மையான மலை ஒன்று ஏறி இறங்குங்கள். கண்டியில் இருப்பவர்களுக்கு ஹந்தானை இருக்கிறது. பதுளை, பண்டாரவளைப் பக்கம் என்றால் எல்லவில் சின்ன சிவனொளிபாதமலை, 1141 மீற்றர், அது சுகம், பிறகு எல்ல பாறை கொஞ்சம் கடினம். தோட்டத்தில் இருப்பவர்களுக்கு நான் சொல்லத் தேவையில்லை, கொழுந்து மலைக்கு ஏறும் குறுக்குப் பாதையே போதும். மலைக்குக் கொண்டுபோகப் போகும் அதே பை, அதே சப்பாத்து, அதே மேஸ் போட்டு ஏறுங்கள்.

கடைசிக் கிழமை பயிற்சி வேண்டாம். இருபது நிமிஷ நடை போதும். "இன்னும் கொஞ்சம்" என்று கடைசி மூன்று நாளில் மாடி ஏறினால் ஓய்வெடுக்காத காலோடு மலைக்குப் போவீர்கள்.

எட்டுக் கிழமை இல்லை, மூன்று கிழமைதான் இருக்கிறது என்றால்? அந்தப் படியில் நின்று இறக்கும் பயிற்சியையும் மாடி இறங்குவதையும் மட்டும் செய்யுங்கள். அதுவும் இல்லாமல் அடுத்த சனிக்கிழமை போகிறோம் என்றால், தயவுசெய்து பாதையில் வரும் ஆறான சீத கங்குல வரை போய்க் கும்பிட்டுவிட்டுத் திரும்புங்கள். அதில் வெட்கம் ஒன்றும் இல்லை. மலை அடுத்த வருஷமும் அங்கேயே இருக்கும்.

5. காகிதமும் காசும்

தேசிய அடையாள அட்டை மூலப் பிரதி கட்டாயம். அறை எடுக்கும்போதும் பொலிஸ் சோதனையிலும் கேட்பார்கள், ரயில் ஆசனப் பதிவுக்கும் அட்டை இலக்கம் வேண்டும். அட்டை எடுக்காத பிள்ளைகள் வந்தால் பிறப்புச் சான்றிதழ் பிரதி ஒன்று வையுங்கள். வெளிநாட்டில் இருந்து வந்த உறவினர் இருந்தால் கடவுச்சீட்டு. மருந்து எடுப்பவர்கள் கிளினிக் கொப்பியையும், அல்லது அதன் படத்தைத் தொலைபேசியிலும் வைத்திருங்கள். ஒரு சின்னத் துண்டில் பெயர், இரத்த வகை, மருந்து ஒவ்வாமை, வீட்டு ஆள் இலக்கம் எழுதி அட்டையோடு வையுங்கள், ஏனென்றால் விழுந்தால் உங்கள் தொலைபேசி பூட்டியிருக்கும்.

மலை ஏறக் கட்டணம் இல்லை. செலவு போக்குவரத்து, தங்கல், சாப்பாடு மூன்றுக்கும்தான். கொழும்பு கோட்டையில் இருந்து ஹட்டனுக்குக் கோச்சி, ஹட்டனில் இருந்து நோர்வூட், மஸ்கெலியா வழியாக நல்லதண்ணிக்குப் பஸ். பருவத்தில் நேராகவே பஸ் ஓடும், இல்லாவிட்டால் மஸ்கெலியாவில் மாற வேண்டும். நாங்கள் நாலு பேர் ஒரு அறையைப் பகிர்ந்து, பஸ்ஸிலும் கோச்சியிலும் போய் வந்ததில் எனக்கு எட்டாயிரம் ரூபாய்க்குள் முடிந்தது. ஆட்டோ பிடித்தால் ஏறுவதற்கு முன்பே விலை பேசுங்கள், ராத்திரியில் இரண்டு மடங்கு கேட்பதும் உண்டு. ஆசனம் பதிந்து போகிறவர்கள் ஒரு மாதத்துக்கு முன்பே பாருங்கள், பருவத்தில் சீக்கிரம் முடிந்துவிடும்.

அறைக்குக் காசு கொடுப்பதை மிச்சம் பிடிக்காதீர்கள். முதல் முறை நாங்கள் அறை எடுக்கவில்லை, பஸ்ஸில் இருந்து இறங்கி நேராக ஏறினோம். தூங்காத உடம்பு, அவ்வளவு தூரம் குலுங்கி வந்த இடுப்பு. இரண்டாம் முறை பகல் இரண்டு மணிக்கே நல்லதண்ணி போய், சாப்பிட்டு, ஏழு மணிக்குப் படுத்துவிட்டோம். வித்தியாசத்தில் பாதி அதில்தான் என்று நினைக்கிறேன்.

சில்லறை முக்கியம். கழிவறைக்கு இருபது, ஐம்பது ரூபாய்த் தாள்கள் வேண்டும், ஐயாயிரம் தாளை நீட்டினால் ஆள் பாவம். மேலே போகப் போகத் தண்ணீர்ப் போத்தல், பிளேன்டி எல்லாம் விலை ஏறும், அதை ஒருவர் முதுகில் சுமந்து ஏற்றியிருக்கிறார், பேரம் பேசாதீர்கள்.

6. பை, உடுப்பு, சப்பாத்து

பை ஐந்து கிலோவுக்கு மேல் போகக்கூடாது. ஒன்றரை லீற்றர் தண்ணீர், ஜீவனி (தண்ணீரில் கரைத்துக் குடிக்கும் உப்புச் சீனித் தூள்) இரண்டு பக்கட், ஏதாவது இனிப்பும் உப்பும், மாற்று மேற்சட்டை ஒன்று தண்ணீர் புகாத பைக்குள், காற்றுத் தடுக்கும் ஜக்கட், குல்லா, கையுறை, மேஸ் இரண்டு ஜோடி, டோர்ச், சித்தாலேப தைலம், பிளாஸ்டர், உங்கள் மருந்து. பவர் பேங்க் எடுங்கள், குளிரில் பற்றரி சீக்கிரம் இறங்கும். பெண்கள் மாதவிடாய் நாள் கிட்ட இல்லாவிட்டாலும் தேவையானதைப் பையில் போடுங்கள், உடம்பை இப்படி வருத்தும்போது நாள் முன்னே பின்னே ஆகலாம், மேலே வாங்க முடியாது.

உடுப்பில் எல்லோரும் செய்யும் தவறு, கீழே குளிராக இருக்கிறது என்று ஸ்வெட்டர் போட்டுக்கொண்டு ஏறத் தொடங்குவது. அரை மணித்தியாலத்தில் உள்ளே தொப்பலாக நனைந்துவிடும், அந்த ஈரத்தோடு உச்சியில் காற்றில் நின்றால் நடுக்கம் பிடிக்கும். கிளம்பும்போது லேசாகக் குளிர வேண்டும், அதுதான் சரியான உடுப்பு. பருத்திச் சட்டை ஈரத்தை விடாது, விளையாட்டுக்குப் போடும் மெல்லிய பொலியெஸ்டர் சட்டை நல்லது.

சப்பாத்து புதிதாக வேண்டாம். குறைந்தது ஒரு மாதம் போட்டுப் பழகியது, அடியில் பிடிப்புள்ளது, முன்பக்கத்தில் பெருவிரலுக்கு ஒரு விரல் அகல இடம் இருப்பது. கால் நகத்தை நாலு நாளுக்கு முன் வெட்டுங்கள், முதல் நாள் வெட்டினால் ஓரம் குத்தும். முழங்கால் பட்டி போடுவதென்றாலும் பயிற்சியிலேயே போட்டுப் பாருங்கள், அன்றுதான் முதல் தடவை என்றால் உரசிப் புண்ணாக்கிவிடும்.

கைத்தடி ஒன்று கட்டாயம், இரண்டு இருந்தால் இன்னும் நல்லது. கடையில் வாங்கும் மடக்குத் தடிதான் வேண்டும் என்றில்லை, கீழே கம்பு, பிரம்பு என்று எது கிடைத்தாலும் உங்கள் முழங்கை உயரத்துக்கு இருந்தால் போதும். ஏறும்போது தேவையில்லை என்று தோன்றும். இறங்கும்போது முழங்காலின் சுமையில் ஒரு பங்கை அது கைக்கும் தோளுக்கும் எடுத்துக்கொள்ளும்.

மதுபானம், சிகரட், பொலித்தீன் எடுத்துப் போகாதீர்கள். புனித இடம், வழியில் சோதனையும் உண்டு.

7. முதல் நாள் சாப்பாடும் தூக்கமும்

இரவு ஆறு ஆறரைக்கே சோறோ இடியப்பமோ பருப்போடு சாப்பிட்டு முடியுங்கள். கொத்து, பொரித்த இறைச்சி, காரம் வேண்டாம், பாதி வழியில் வயிறு கலக்கினால் கழிவறை எங்கே என்று தேடும் அவஸ்தை வேறு. எழும்பியதும் வாழைப்பழம், பாணும் சீனியும், அல்லது ரொட்டி ஒன்று, ஒரு கோப்பை தேத்தண்ணி. வெறும் வயிற்றில் விரதமாக ஏறுகிறவர்கள் உண்டு, உங்கள் நம்பிக்கை உங்களுடையது, ஆனால் சீனி வருத்தக்காரர்கள் அப்படி ஏறக்கூடாது.

வலி மாத்திரையை முன்கூட்டியே போட்டுக்கொண்டு ஏறச் சொல்வார்கள். வேண்டாம். வலி உங்களுக்கு ஏதோ சொல்கிறது, அதை மறைத்துவிட்டுப் படி இறங்கினால் சேதம் கூடும். இபுபுரோபன் போன்றவை உடம்பில் நீர் குறைந்திருக்கும்போது சிறுநீரகத்துக்கும் நல்லதில்லை. எனர்ஜி பானமும் சாப்பாட்டுக்கு மாற்று இல்லை.

8. ஏறும்போது

உங்கள் நேரத்தைப் பின்னாலிருந்து கணக்குப் போடுங்கள். பெப்ரவரியில் சூரியன் வருவது ஆறே கால், ஆறரை போல. உங்களுக்கு ஐந்து மணித்தியாலம் எடுக்கும் என்றால் ஒரு மணிக்குக் கிளம்புங்கள். "எல்லோரும் இரண்டு மணிக்கு" என்று சொல்வதைக் கேட்டு நாங்களும் முதல் முறை இரண்டு மணிக்குக் கிளம்பி, கடைசியில் சூரியனைப் பிடிக்க ஓடினோம். என் முழங்கால் போனது அந்தக் கடைசி ஓட்டத்தில் தொடங்கியது. பதினொரு மணிக்கே கிளம்பவும் வேண்டாம், மேலே இரண்டு மணித்தியாலம் குளிரில் காத்திருக்க வேண்டி வரும்.

முதல் பகுதி ஏமாற்றும். கடைத்தெரு, மகர தோரணம், சமாதான தூபி வரை பாதை சுகமாக இருக்கும், எல்லோரும் வேகமாக நடப்பார்கள். நடக்காதீர்கள். சீத கங்குல தாண்டிய பிறகுதான் படி விடாமல் வரும். இந்திகட்டுபானவில் நூல் கட்டும் இடத்தில் நல்லவர்களும் களைத்திருப்பார்கள், அதற்கு அப்புறம்தான் மகாகிரிதம்ப, செங்குத்தான கடைசிப் பகுதி. அதற்கு மூச்சும் காலும் மிச்சம் இருக்க வேண்டும்.

வேகத்துக்கு ஒரு அளவு இருக்கிறது. பக்கத்தில் வருகிறவரோடு ஒரு முழு வசனம் பேச முடிய வேண்டும். வார்த்தை துண்டு துண்டாக வந்தால் நீங்கள் வேகம். இதை எனக்கு எங்கள் அம்மா வேறு மாதிரிச் சொன்னார். இருபத்தெட்டு வருஷம் கொழுந்து எடுத்தவர், முதுகில் பாரத்தோடு சரிவில் ஏறி இறங்கியவர். முதல் முறை நான் போய் வந்து கட்டிலில் கிடந்தபோது சொன்னார்: "மூச்சு முட்டுற வேகம் உன் வேகம் இல்ல புள்ள. நின்னு நின்னு ஏறாத. நிக்கத் தேவையில்லாத மாதிரி ஏறு." இரண்டாம் முறை அந்த ஒரு வார்த்தையை வைத்துக்கொண்டுதான் ஏறினேன். சின்ன அடி, பாதம் முழுதும் படியில், முழங்காலை நிமிர்த்தும்போது ஒரு கணம் எடையை எலும்பில் விட்டுவிட்டு அடுத்த அடி. வெள்ளை உடுத்த பாட்டிகள் அப்படித்தான் ஏறுவார்கள், பார்த்துப் பழகுங்கள், அவர்களைத் தாண்டிப் போன இளசுகள் அடுத்த வளைவில் குனிந்து நிற்பார்கள்.

நாற்பது நிமிஷத்துக்கு ஒரு தடவை ஐந்து நிமிஷம் ஓய்வு. பத்து நிமிஷத்துக்கு மேல் உட்கார்ந்தால் தசை குளிர்ந்து இறுகிவிடும். ஓய்வில் உடனே ஜக்கட்டைப் போடுங்கள், எழும்பும்போது கழற்றுங்கள், அலுப்புப் பார்க்காதீர்கள். அரை மணிக்கு ஒரு தடவை இரண்டு மூன்று வாய் தண்ணீர், ஒரு மணிக்கு ஒரு தடவை கடிக்க ஏதாவது: கித்துள் கருப்பட்டித் துண்டு, கச்சான், எள்ளுருண்டை. ஜீவனியைப் பக்கட்டில் எழுதிய அளவுத் தண்ணீரில்தான் கரைக்க வேண்டும், கெட்டியாகக் கரைத்தால் தாகம் கூடும். ஒரேயடியாக லீற்றர் கணக்கில் வெறும் தண்ணீர் குடிப்பதும் தவறு, உப்புக் குறைந்து தலை சுற்றும்.

"இன்னும் எவ்வளவு தூரம்" என்று கேட்கக்கூடாது என்பது மலை வழக்கம். மனசுக்கும் அது நல்லது என்று நான் அனுபவத்தில் கண்டேன். இறங்கி வருகிறவர்கள் "கருணாவாய்" (கருணை கிடைக்கட்டும்) என்று சொல்லிப் போவார்கள், நீங்களும் சொல்லுங்கள், அந்தச் சொல்லுக்கே கொஞ்சம் தெம்பு வரும்.

குழுவில் மெதுவான ஆள் முன்னால் போகட்டும். பின்னால் விட்டால் அவர் பிடிக்க ஓடுவார், மற்றவர்கள் ஓய்வெடுத்து முடிக்கும்போது அவர் வந்து சேர்வார், உடனே எல்லோரும் எழும்பிவிடுவார்கள். அதிக ஓய்வு தேவைப்படுகிற ஆளுக்கே ஓய்வு கிடைக்காமல் போகிறது.

9. உச்சியில்

போனவுடன் செய்ய வேண்டிய முதல் வேலை ஈரச் சட்டையை மாற்றுவது. கும்பிடுவதற்கும் படம் எடுப்பதற்கும் முன். மேல் மளுவையில் (உச்சி முற்றத்தில்) சப்பாத்தைக் கழற்ற வேண்டும், தரை பனிக்கட்டி மாதிரி இருக்கும், கூடுதல் மேஸ் அதற்குத்தான். விடாமல் நடுங்கினால் கடைக்குள் போய் உட்கார்ந்து சூடாக இனிப்பான பிளேன்டி குடியுங்கள், உறவுக்காரர் யாராவது கூடவே இருக்க வேண்டும். சூரியன் வந்த பிறகு மேற்குப் பக்கம் திரும்பி மலையின் முக்கோண நிழலைப் பார்க்க மறக்காதீர்கள், முதல் முறை நான் அசதியில் அதைத் தவறவிட்டேன்.

எல்லோரும் ஒரே நேரத்தில் இறங்கத் தொடங்குவார்கள். நீங்கள் கடைசியாக இறங்குங்கள், அவசரம் இல்லை.

10. இறங்கும்போது

கிளம்பும் முன் சப்பாத்துக் கயிற்றைக் கணுக்கால் பக்கத்தில் இறுக்கிக் கட்டுங்கள், இல்லாவிட்டால் கால் முன்னே சறுக்கி நகம் கறுத்துவிடும். ஏதாவது சாப்பிடுங்கள், தண்ணீர் குடியுங்கள், ஏறி முடித்துவிட்டோம் என்ற நினைப்பில் எல்லோரும் மறப்பது இதைத்தான்.

முழங்காலைப் பூட்டாமல் லேசாக மடித்தே வையுங்கள். தடியை முதலில் கீழ்ப் படியில் ஊன்றி, அதில் எடையைக் கொடுத்து, பிறகு கால். குதித்து இறங்காதீர்கள். உயரமான படியில் பக்கவாட்டாகத் திரும்பி இறங்குங்கள், முன்னணிக் காலை அடிக்கடி மாற்றுங்கள். கம்பி இருக்கும் இடத்தில் கம்பி. வெயில் ஏறிவிடும், ஜக்கட்டைக் கழற்றித் தொப்பி போடுங்கள்.

தொடை நடுங்கத் தொடங்கினால் அது களைப்பின் முதல் எச்சரிக்கை. அப்போதே நின்று ஐந்து நிமிஷம் உட்காருங்கள். நான் முதல் முறை அதைத் தாண்டிப் போனேன், அதற்கப்புறம் ஓய்வெடுத்தும் கால் திரும்பவில்லை.

11. இவை வந்தால் மலையை மறந்துவிடுங்கள்

நெஞ்சு இறுக்கம், இடது கைக்கோ தாடைக்கோ பரவும் வலி, ஓய்வெடுத்தும் அடங்காத மூச்சு, மயக்கம், குழப்பமான பேச்சு. இதில் எது வந்தாலும் அந்த இடத்திலேயே நில்லுங்கள், மேலே ஒரு படியும் வேண்டாம். பருவத்தில் வழியில் முதலுதவி நிலையமும் பொலிஸாரும் இருப்பார்கள், கடைக்காரர்களிடம் சொன்னால் ஓடிப் போய்ச் சொல்வார்கள். 1990 சுவசரிய இலவச அம்புலன்ஸ், ஆனால் அது வீதி வரைதான் வரும், வீதி வரை உங்களை ஆட்கள் தூக்கித்தான் இறக்க வேண்டும், அதற்கு மணிக்கணக்காகும். அதனால்தான் அறிகுறி சின்னதாக இருக்கும்போதே திரும்பச் சொல்கிறேன். "இவ்வளவு தூரம் வந்துவிட்டோமே" என்று அப்பாவையோ மாமாவையோ வற்புறுத்தாதீர்கள்.

12. வீடு திரும்பலும் அடுத்த மூன்று நாளும்

இரவு முழுக்க விழித்து ஏறியவர் அன்று வாகனம் ஓட்டக்கூடாது. ஹட்டனில் இருந்து கினிகத்தேனை, கித்துல்கல வழியாக இறங்கும் வளைவுகளில் கண் ஒரு நொடி மூடினால் போதும். வான் எடுத்துப் போனால் ஓட்டுநர் மலை ஏறாமல் தூங்க வேண்டும் என்று முதலே பேசிக்கொள்ளுங்கள், அதற்காகக் கொஞ்சம் கூடக் கொடுங்கள். முடிந்தால் அன்றும் நல்லதண்ணியிலோ ஹட்டனிலோ தங்கிவிட்டு மறுநாள் போங்கள்.

வலி அன்று பெரிதாக இருக்காது. மறுநாளும் அதற்கு அடுத்த நாளும்தான் உச்சம். லீவு போடுவதென்றால் அந்த இரண்டு நாளுக்கும் போடுங்கள். படுத்தே கிடக்காமல் பத்துப் பத்து நிமிஷம் தட்டையான இடத்தில் மெதுவாக நடங்கள், முட்டை, பருப்பு, மீன் நன்றாகச் சாப்பிடுங்கள், சித்தாலேபவை மெதுவாகத் தடவுங்கள், அழுத்திப் பிசைய வேண்டாம். முழங்கால் வீங்கினாலோ ஒரு கிழமை தாண்டியும் படி இறங்க முடியாவிட்டாலோ வைத்தியரிடம் காட்டுங்கள். காய்ச்சல் வந்தால் பனடோல் மட்டும் எடுத்துக்கொண்டு இரத்தம் சோதியுங்கள், டெங்குவாக இருந்தால் இபுபுரோபன் போன்ற மாத்திரைகள் ஆபத்து.

ஒன்றை மட்டும் கவனமாகப் பாருங்கள். சிறுநீர் கடும் தேத்தண்ணி நிறத்தில் போனால், அதோடு தொடை கல் மாதிரி வீங்கி வலித்தால், தசை சிதைந்து அந்தக் கழிவு சிறுநீரகத்துக்குப் போகிறதாக இருக்கலாம். காலை வரை பார்ப்போம் என்று இருக்காமல் அன்றே வைத்தியசாலைக்குப் போங்கள், போனதும் "மலை ஏறி இறங்கினேன்" என்று முதல் வார்த்தையாகச் சொல்லுங்கள்.